புகையைப் பிடி, வாயை விடு: காரைக்குடிப் பக்கம் டிவி செய்திக்கு வருகிறவர்களுக்கு

தை பிறக்கிற வாரத்தில் செட்டிநாட்டுப் பக்கம் டிவி ஸ்ட்ரிங்கராக, அதாவது செய்திக்கு இவ்வளவு என்று வாங்குகிற பகுதி நேர நிருபராக இருக்கிறவர் கைக்கு இரண்டு செய்தி தவறாமல் வரும். ஒன்று, போகியன்று விடிகாலைப் புகை. இன்னொன்று, பொங்கல் விளையாட்டு விழாவில் இட்லியோ பரோட்டாவோ தின்னும் போட்டி. செய்தியைத் திருத்தி ஒளிபரப்புக்குத் தயாராக்குகிற சென்னை டெஸ்க்குக்கு இரண்டுமே ‘ஈஸி ஸ்டோரி’தான். ‘ஷாட்ஸ் எடுத்து அனுப்புப்பா, நாங்க பாத்துக்கிறோம்’ என்பார்கள். அவர்கள் பார்த்துக்கொள்கிற லட்சணம் ராத்திரி ஏழு மணி புல்லட்டினில் தெரியும்: டில்லி இந்தியா கேட் புகைக்குக் கீழே ‘காரைக்குடி’ என்று எழுத்து ஓடும், இட்லி தின்றவர் முகத்துக்குக் காமெடி மியூசிக் போட்டிருப்பார்கள்.

இந்த இரண்டு செய்தியிலும் கேமராவுக்கு எதிரெதிர் வேலை. காற்றுக்குப் படமே கிடையாது, தேடிப்போய் உண்டாக்க வேண்டும். தின்னும் போட்டிக்கோ படம் அளவுக்கு மேல் இருக்கும், அதில் பாதியை எடுக்காமல் விட வேண்டும். பொதுவாக இருப்பது ஒன்றுதான்: இரண்டுமே ஒரு எண்ணை வைத்து ஓடுகிற செய்தி. அந்த எண்ணை யார் அளந்தார், எப்படி அளந்தார் என்று கேட்காமல் மைக்கைத் திறக்காதீர்கள்.

முதலில் எண்ணைப் படிக்கப் பழகுங்கள்

காற்றுத் தரக் குறியீடு, டிவி வழக்கில் ஏக்யூஐ, இந்தியாவில் 2015-இல் நடைமுறைக்கு வந்தது. பிஎம் 10 என்கிற தூசித் துகள், பிஎம் 2.5 என்கிற அதைவிட நுண்ணிய துகள், நைட்ரஜன் டை ஆக்சைடு, சல்பர் டை ஆக்சைடு, கார்பன் மோனாக்சைடு, ஓசோன், அமோனியா, ஈயம் என்று எட்டு மாசுகளைக் கணக்கில் எடுக்கிறது. எட்டையும் கூட்டிச் சராசரி போடுவதில்லை. எது மிக மோசமாக இருக்கிறதோ அதன் எண்தான் அந்த ஊரின் எண். ஆகவே ‘இன்று 180’ என்று யாராவது சொன்னால், எதனால் 180 என்று கேளுங்கள். நம் பக்கம் செம்மண் புழுதி பறக்கிற கோடையில் பிஎம் 10 முன்னால் நிற்கும். குப்பையும் டயரும் எரிகிற நாளில் பிஎம் 2.5. புழுதியும் புகையும் ஒரே செய்தி அல்ல. முதலாவதற்குச் சாலை ஒப்பந்ததாரரைத் தேடிப் போவீர்கள், இரண்டாவதற்கு மாநகராட்சி சுகாதாரப் பிரிவை.

50 வரை நல்லது. 100 வரை திருப்திகரம். 200 வரை மிதமானது. 300 வரை மோசம். 400 வரை மிக மோசம். அதற்கு மேல் 500 வரை கடுமை. இந்திய அளவுகோல் 500-உடன் நின்றுவிடும். ‘900-ஐத் தாண்டியது’ என்று ஒரு ஸ்க்ரீன்ஷாட் வாட்ஸ்ஆப்பில் சுற்றினால் அது வேறு அளவுகோல்.

புதியவர்கள் பெரும்பாலும் தடுக்கி விழுகிற இடம் இதுதான். செல்போனில் வரும் பல ஆப்கள் அமெரிக்க ஏக்யூஐயைக் காட்டுகின்றன. ஒரு கன மீட்டர் காற்றில் பிஎம் 2.5 சரியாக 60 மைக்ரோகிராம் என்று வையுங்கள். நம் கணக்கில் அது 100, ‘திருப்திகரம்’. அமெரிக்கக் கணக்கில் அதே காற்று 150-ஐத் தாண்டி, ‘உடல்நலத்துக்குக் கேடு’ என்ற சிவப்புக் கட்டத்தில் நிற்கும். காற்று ஒன்று, எண் இரண்டு. இதில் யார் சரி என்ற சண்டைக்கு நாம் போக வேண்டாம். ஆனால் உலக சுகாதார நிறுவனம் 2021-இல் 24 மணி நேரத்துக்கு 15 மைக்ரோகிராம் போதும் என்று வரம்பு சொன்னதையும், நம் நாட்டு வரம்பு 60 என்பதையும் ஒரே கிராபிக்ஸில் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் பார்க்கிறவர் தானே புரிந்துகொள்வார். டெஸ்க்குக்கு அந்த இரண்டு எண்ணையும் எழுதி அனுப்புங்கள். அவர்கள் தேடிக் கண்டுபிடிப்பார்கள் என்று நம்பியிருக்காதீர்கள்.

மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்துக்கு ‘சமீர்’ என்ற ஆப் இருக்கிறது. அதில் உங்களுக்குப் பக்கத்து நிலையம் எது என்று பாருங்கள். மதுரை நிலையத்தின் எண்ணையோ திருச்சி நிலையத்தின் எண்ணையோ காரைக்குடிக்கு ஒட்டவைக்காதீர்கள். நடுவில் ஏறக்குறைய தொண்ணூறு கிலோமீட்டர் இருக்கிறது. செல்போன் ஆப் ‘காரைக்குடி’ என்று பெயர் போட்டு எண் காட்டினாலும், கீழே சிறிய எழுத்தில் எந்தக் கருவி என்று தேடிப் படியுங்கள். பல நேரம் அது செயற்கைக்கோளையும் கணினியையும் வைத்துப் போட்ட மதிப்பீடாக இருக்கும். மதிப்பீட்டை மதிப்பீடு என்றே சொன்னால் தப்பில்லை.

இன்னொன்று. வாரியம் தினமும் மாலை 4 மணிக்கு வெளியிடுவது 24 மணி நேரச் சராசரி. போகியன்று காலை ஐந்திலிருந்து எட்டுக்குள் எரிந்து முடிந்த புகை அந்தச் சராசரியில் கரைந்துபோகும். காலை லைவில் நிற்கிறீர்கள் என்றால் ‘இந்த மணி நேரத்து பிஎம் 2.5 அளவு’ என்று அளவைச் சொல்லுங்கள். அதை ஏக்யூஐ என்று சொல்லாதீர்கள்.

சின்னக் கைக்கருவி வாங்கி வைத்திருக்கிற தம்பிகள் சிலர் உண்டு. வைத்துக்கொள்ளுங்கள், ஆனால் மார்கழிப் பனியில் அதை நம்பாதீர்கள். ஒளியைப் பாய்ச்சித் துகள் எண்ணுகிற கருவி அது. ஈரம் ஏறிய துகளைப் பெரிதாக எண்ணி, இருப்பதைவிடக் கூட்டிக் காட்டும். ஒரே கருவி, ஒரே இடம், வேறு வேறு நேரம் என்று வைத்து ஏறியதா இறங்கியதா என்று சொல்வதற்கு மட்டும் அது உதவும்.

எங்கே போய் நிற்பது

போகிக்கு மெயின் ரோட்டில் நிற்காதீர்கள். காரைக்குடியில் பழைய மரச்சாமான் என்றால் முனீஸ்வரன் கோயில் தெருவுக்குத்தான் போகும். பழம்பொருள் கடைக்காரர் விலை பேசி எடுத்துக்கொள்வார். பர்மா தேக்கை யார் எரிப்பார்? எரிவது டயர், பிளாஸ்டிக் பாய், கிழிந்த தலையணை, பழைய ரெக்சின். அது செஞ்சை மாதிரி நெருக்கமான தெருக்களில், வீட்டு வாசலிலேயே நடக்கும். விடிவதற்கு முன்னால் போய்விடுங்கள். ஆறரைக்கு மேல் சாம்பல்தான் கிடைக்கும்.

போகி வருஷத்தில் ஒரு நாள். மற்ற நாளெல்லாம் நம் பகுதிக்கு என்ன புகை என்று கேட்டால், எரியும் குப்பைமேடு, சாலைப் புழுதி, பேருந்து நிலையத்தில் இன்ஜினை அணைக்காமல் நிற்கும் வண்டிகள், பிறகு நெல் ஆலைகள். புதுவயல் பக்கம் போனால் ஆலைகள் வரிசையாக நிற்கும். நெல் அவிக்க உமியை எரிக்கிறார்கள். உமிச் சாம்பல் லேசானது, காற்றோடு போகும். அங்கே செய்தி எடுக்கும்போது ஆலைக்குள் நுழைவதற்கு முன் சுற்றியுள்ள வீடுகளின் மொட்டைமாடிக்கு ஏறுங்கள். வடகம் காயவைத்த துணி, கொடியில் கிடக்கும் வேட்டி, தண்ணீர்த் தொட்டி மூடி, இவற்றில் கரி படிந்திருக்கிறதா என்று பாருங்கள். படியவில்லை என்றால் அதையும் சொல்லுங்கள். பிறகு ஆலைக்காரரைப் போய்ப் பாருங்கள். அவர் தரப்பு இல்லாமல் அனுப்பாதீர்கள். சில ஆலைகளில் தூசு பிடிக்கும் சாதனம் ஒழுங்காகவே ஓடும். ஓடுகிறதைப் படம் எடுக்க விடுவாரா என்று கேளுங்கள். விட்டாலும் செய்தி, விடாவிட்டாலும் செய்தி.

புகையைப் படம் பிடிப்பது

சூரியனை முதுகுக்குப் பின்னால் வைத்து எடுப்பதுதான் பாடப்புத்தகம். புகைக்கு அதைத் திருப்பிப் போடுங்கள். வெளிச்சம் புகைக்குப் பின்னாலிருந்து வர வேண்டும். அப்போதுதான் துகள் ஒளிரும். எதிர்வெயிலில் கொப்புடையம்மன் கோயில் பக்கத்துத் தெருவில் காலை ஏழு மணிக்கு எடுத்த ஒரு ஷாட், பத்து நிமிடப் பேச்சுக்குச் சமம்.

டிரைபாட் வைத்து ஒரே பிரேமை இரண்டு முறை எடுங்கள்: காலை ஆறரைக்கும் பகல் பதினொன்றுக்கும். கோபுரம் மங்கலாக இருந்ததும் பிறகு தெளிந்ததும் அடுத்தடுத்து வந்தால் விளக்கமே வேண்டாம். ஆனால் இதில் ஒரு நேர்மைக் கணக்கு உண்டு. நீளமான ஜூம் போட்டால் தூரத்துக் காற்றெல்லாம் அழுந்தி, இல்லாத புகையும் தடித்துத் தெரியும். வொயிட் பேலன்ஸை மஞ்சளுக்குத் தள்ளினால் சாதாரணக் காலையும் நரகம் மாதிரி இருக்கும். இரண்டும் செய்யாதீர்கள். முக்கியமாக, பனியைப் புகை என்று அனுப்பாதீர்கள். குளிர்காலக் காலையில் தரையோரம் குளிர்ந்த காற்று கிடக்கும், மேலே சூடான காற்று மூடிபோல உட்காரும். பனியும் புகையும் சேர்ந்தே அதற்குள் மாட்டிக்கொள்ளும். பிரித்துச் சொல்ல மூக்குதான் முதல் கருவி. கரிநாற்றம் இல்லையென்றால் சற்றுப் பொறுங்கள். சென்னையில் 2018 போகியன்று விமானங்கள் தடுமாறியபோதும் புகையும் பனியும் கூட்டாகத்தான் வேலை பார்த்தன.

சத்தத்தையும் எடுங்கள். புகைக்குச் சத்தம் இருமல். ஆனால் யாரையும் இருமச் சொல்லாதீர்கள். அப்படிச் சொல்கிற கேமராமேன்கள் இருக்கிறார்கள்.

பைட் (கேமராவுக்கு முன் ஒருவர் பேசும் துண்டு) யாரிடம் வாங்குவது

மருத்துவரிடம் ‘புகை ஆபத்தா சார்?’ என்று கேட்டால் ‘ஆமாம், மிகவும் ஆபத்து’ என்பார், உங்களுக்கு ஒன்றும் தேறாது. ‘போன வாரத்தைவிட இன்று மூச்சிரைப்போடு வந்தவர்கள் கூடவா?’ என்று கேளுங்கள். இல்லை என்று அவர் சொன்னால் அதுவும் ஒளிபரப்பாக வேண்டிய பதில்தான். அரசு மருத்துவமனை வாசலில் நிற்கும் நோயாளியின் முகத்தை அனுமதி கேட்காமல் எடுக்காதீர்கள். நெபுலைசர் மாஸ்க் போட்ட குழந்தை நல்ல விஷுவல் என்று டெஸ்க் சொல்லும். பெற்றோரிடம் கேட்டு, அவர்கள் தலையாட்டினால் மட்டும்.

வேதியியல் தெரிந்தவர் வேண்டுமென்றால் நமக்கு அதிர்ஷ்டம். சிக்ரி என்கிற மத்திய மின்வேதியியல் ஆராய்ச்சி நிலையமும் அழகப்பா பல்கலைக்கழகமும் ஊருக்குள்ளேயே இருக்கின்றன. மக்கள் தொடர்பு அலுவலர் வழியாகக் கேளுங்கள், ஒரு நாள் முன்னதாகக் கேளுங்கள். தமிழ்நாடு மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் மாவட்டச் சுற்றுச்சூழல் பொறியாளர் பைட் தரத் தயங்கினால் எழுத்தில் கேளுங்கள். குப்பை எரிப்பு என்றால் உங்கள் கையில் ஒரு நல்ல ஆயுதம் இருக்கிறது: திறந்த வெளியில் குப்பை எரித்தால் 5,000 ரூபாய், பெருமளவில் எரித்தால் 25,000 ரூபாய் என்று தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் 2016 டிசம்பரிலேயே சொல்லியிருக்கிறது. இதுவரை எத்தனை பேரிடம் வசூலித்தீர்கள் என்று அதிகாரியிடம் கேளுங்கள். கேட்டுவிட்டு மைக்கை அங்கேயே நீட்டிக்கொண்டு சும்மா நில்லுங்கள்.

இனி பந்திக்கு வருவோம்

செட்டிநாட்டுக் கல்யாணப் பந்தியில் இலையில் விழுந்ததை யாரும் எண்ணுவதில்லை. எண்ணினால் வீட்டுக்காரருக்கு அவமானம். வெள்ளைப்பணியாரம் இன்னும் ரெண்டு வைக்கவா என்று ஆச்சி கேட்டுக்கொண்டே வைத்துவிடுவார். அந்த ஊரில் மேடை போட்டு ஒருவர் தின்பதை மைக்கில் எண்ணுவது எனக்கு இன்னும் ஒட்டவில்லை. ஆனால் நடக்கிறது, கூட்டம் வருகிறது, செய்தியாக்கித்தான் ஆக வேண்டும். 2024 ஆகஸ்டில் கோவையில் ஒரு ரயில்பெட்டி உணவகம் அரை மணி நேரத்தில் ஆறு பிரியாணி தின்றால் ஒரு லட்சம் ரூபாய் என்று அறிவித்ததும் எத்தனை கேமரா அங்கே போனது என்று நினைத்துப் பாருங்கள்.

மேடைக்கு முன்னால் போய் டிரைபாட் போடுவதற்கு முன், அமைப்பாளரிடம் போங்கள். ‘அண்ணே, மருத்துவர் யாரு வர்றாங்க? ஆம்புலன்ஸ் எங்க நிக்கும்? வயசு வரம்பு என்ன? காவல் நிலையத்துல சொல்லியாச்சா?’ இந்த நான்குக்கும் பதில் வாங்கிக் குறித்துக்கொள்ளுங்கள். பதில் இல்லையென்றால், உங்கள் செய்தியின் தலைப்பு ஏற்கெனவே மாறிவிட்டது. பதினெட்டு வயதுக்குக் கீழே ஒரு பையன் உட்கார்ந்திருந்தால் அவனைப் படம் எடுக்காதீர்கள். உட்கார வைத்தது ஏன் என்று கேட்டு அதை எடுங்கள்.

அடுத்தது எண்ணும் எடையும். ‘32 பரோட்டா’ என்பது செய்தி அல்ல, பரோட்டா எத்தனை கிராம் என்று தெரியும் வரை. மளிகைக் கடைத் தராசில் ஒன்றை வைத்துப் பார்த்துவிடுங்கள். 50 கிராம் என்றால் ஒன்றரை கிலோவுக்குச் சற்று மேலே ஆள் நிற்பார்; 100 கிராம் என்றால் மூன்று கிலோவைத் தாண்டும், நம்புவதற்கு முன் இரண்டு தடவை யோசியுங்கள். சால்னா சேர்த்தியா, தண்ணீர் குடிக்கலாமா, கக்கினால் வெளியேற்றமா, யார் எண்ணுகிறார்? நியூயார்க் கோனி தீவில் ஜூலை 4-ஆம் தேதி நடக்கிற ஹாட் டாக் போட்டியில் ஒவ்வொரு ஆளுக்கும் எதிரே தனியாக ஒரு எண்ணுநர் நின்று பலகையைப் புரட்டுவார். ஜோயி செஸ்ட்நட் 2021-இல் அங்கே 10 நிமிடத்தில் 76 தின்றதை நம்மால் தயங்காமல் சொல்ல முடிவது அதனால்தான். நம் ஊர் ஃபிளக்ஸில் ‘உலக சாதனை’ என்று இருந்தால், அங்கீகரித்தது யார் என்ற கேள்விக்குப் பதில் வரும் வரை அந்த வார்த்தை உங்கள் ஸ்கிரிப்டில் வரக்கூடாது.

உடம்புக்கு என்ன ஆகிறது என்று ஒரு வரியாவது வர வேண்டும். பென்சில்வேனியா பல்கலைக்கழக மருத்துவர்கள் 2007-இல் வெளியிட்ட ஆய்வில் போட்டித் தின்பவர் ஒருவரை எக்ஸ்ரே கருவிக்கு முன் நிறுத்தினார்கள். பத்து நிமிடத்தில் 36 ஹாட் டாக் உள்ளே போனது. அவர் வயிறு சுருங்கித் தள்ளுகிற வேலையை விட்டுவிட்டு, விரிந்துகொண்டே போனது. ஒப்பிடுவதற்காக உட்கார்ந்த சாதாரண ஆள் ஏழோடு எழுந்துவிட்டார்.

உடனடி ஆபத்து வயிற்றில் இல்லை, தொண்டையில் இருக்கிறது. 2024 ஓணத்தின்போது பாலக்காடு மாவட்டம் வாளையாறு பக்கம் இட்லி தின்னும் போட்டியில் ஒருவர் தொண்டை அடைத்து இறந்தார். இட்லிதானே, மெத்தென்று போய்விடும் என்று நினைக்காதீர்கள். அதனால் இந்தச் செய்திக்குப் போகிறவர் எவரும் இதைப் படித்திருக்க வேண்டும்: பேச முடியவில்லை, இருமவும் முடியவில்லை, கை கழுத்தைப் பிடிக்கிறது என்றால் அடைத்துவிட்டது. முன்னால் சாய்த்து, தோள்பட்டை எலும்புகளுக்கு நடுவே உள்ளங்கையால் ஐந்து அடி. சரியாகவில்லை என்றால் பின்னால் நின்று, தொப்புளுக்கு மேலே முஷ்டி வைத்து, உள்ளுக்கும் மேலுக்குமாக ஐந்து அழுத்து. மாறி மாறிச் செய்ய வேண்டும். பலமாக இருமிக்கொண்டிருந்தால் இரும விடுங்கள். நினைவு தப்பினால் தரையில் கிடத்தி நெஞ்சை அழுத்துங்கள். பக்கத்தில் இருப்பவரை 108-க்கு அழைக்கச் சொல்லுங்கள். கேமரா என்ன ஆவது என்று கேட்பீர்கள். கீழே வைத்துவிடுங்கள்.

எடுக்கக் கூடாதவை

வாய்க்குள் போகிற க்ளோஸ் அப். வழிகிற சால்னா. கக்குவது. தின்று முடித்த கையோடு மைக் நீட்டுவது. வாயில் உணவோடு பேசவைத்தால் அடைக்கிற வழியை நாமே திறந்துவிடுகிறோம், பத்து நிமிடம் கழித்துப் போங்கள். மேடையின் படிக்கட்டை மறித்து டிரைபாட் போடுவது. ‘அண்ணே, இன்னொரு வாய், கேமராவைப் பாத்து’ என்பது.

பதிலாக என்ன எடுப்பது? கூட்டத்தின் முகம். எண்ணுகிறவர் விரல். அடுக்கிய காலித் தட்டுகள். சமைத்துப் போட்ட மாஸ்டரின் வியர்வை. தோற்றவர், அவரைக் கூட்டிப்போகிற மனைவி. முக்கியமாக, போட்டியாளர் ஏன் வந்தார் என்ற பைட். சில பேர் விளையாட்டுக்கு வருவார்கள், சில பேர் பரிசுப் பணத்துக்கு வருவார்கள். பணத்துக்கு வந்தவரைச் ‘சாப்பாட்டு ராமன்’ என்று கேப்ஷன் போடும் டெஸ்க்கோடு சண்டை போடுங்கள். நான் போட்டிருக்கிறேன், சில நாள் ஜெயிக்கலாம்.

நீங்களோ உங்கள் சேனலோ போட்டியை நடத்தும் பக்கம் மட்டும் போகவே போகாதீர்கள். 2007 ஜனவரியில் அமெரிக்காவின் சாக்ரமென்டோவில் ஒரு வானொலி நிலையம், சிறுநீர் கழிக்காமல் அதிகம் தண்ணீர் குடிப்பவருக்கு வீடியோ கேம் கருவி என்று போட்டி வைத்தது. கலந்துகொண்ட 28 வயதுப் பெண் ஒருவர் அன்றே இறந்துபோனார். குடும்பத்துக்கு 1.6 கோடி டாலருக்கு மேல் தர வேண்டும் என்று 2009-இல் நடுவர் குழு தீர்ப்புச் சொன்னது. தண்ணீர்தான் அங்கே கொன்றது.

எழுதி அனுப்புவது

டெஸ்க் புகைக்கு 30 விநாடியும் போட்டிக்கு இரண்டு நிமிடமும் கேட்கும். அதைத் திருப்ப ஒரே வழி, வாட்ஸ்ஆப் தகவலின் முதல் வரியிலேயே படத்தைச் சொல்வது. ‘போகி மாசு ஸ்டோரி இருக்கு சார்’ என்றால் போய்விடும். ‘சார், ஒரே இடத்துல ஆறரைக்கும் பதினொண்ணுக்கும் எடுத்த ஷாட் இருக்கு, ஆறரைக்குக் கோபுரமே தெரியல’ என்றால் ‘உடனே அனுப்பு’ என்று பதில் வரும்.

வாய்ஸ் ஓவரில் ‘நச்சுப் புகையில் மூழ்கிய காரைக்குடி’ என்று தொடங்காதீர்கள். ‘செஞ்சைப் பகுதியில் இன்று காலை ஆறு மணிக்கு டயர்கள் எரிந்துகொண்டிருந்தன. குப்பை எரித்தால் 5,000 ரூபாய் அபராதம். இன்று யாருக்கும் அபராதம் விதிக்கப்படவில்லை என்கிறது மாநகராட்சி’ என்று மூன்று வரி எழுதிப் பாருங்கள். மாநகராட்சி சொன்னால் மட்டும் மூன்றாவது வரி. எந்த எண் வந்தாலும் பக்கத்திலேயே அளந்தவர், நேரம், அலகு மூன்றும் இருக்கட்டும். போட்டிச் செய்திக்கும் அதே ஒழுங்கு: எத்தனை, எத்தனை கிராம், எத்தனை நிமிடம், மருத்துவர் இருந்தாரா. நாற்பது விநாடியில் அடங்கிவிடும்.

போகிப் புகையை அன்றே காலை பத்துக்குள் அனுப்பிவிடுங்கள். தை 3 அன்று சிராவயல் மஞ்சுவிரட்டு. அதற்கு முந்தின நாளிலிருந்தே சிவகங்கை மாவட்டத்துக்கு என்று ரன்டவுனில், அதாவது புல்லட்டினின் செய்தி வரிசைப் பட்டியலில் இருக்கிற இடமெல்லாம் மாடுகளுக்குப் போய்விடும். பழைய கோப்புக் காட்சி சேர்த்திருந்தால் ‘கோப்புக் காட்சி’ என்று எழுதச் சொல்லி டெஸ்க்குக்குத் தனியாகத் தகவல் போடுங்கள். ரா ஃபுட்டேஜை அழிக்காதீர்கள், ஆலைக்காரரோ அமைப்பாளரோ நோட்டீஸ் விட்டால் அதுதான் சாட்சி.

பொங்கல் கழிந்து அலுவலகம் திறந்ததும் தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு போடுங்கள்: கடந்த மூன்று ஆண்டுகளில் திறந்தவெளிக் குப்பை எரிப்புக்கு எத்தனை பேரிடம், எவ்வளவு அபராதம். கட்டணம் பத்து ரூபாய், பதிலுக்குக் கெடு 30 நாள். மாசித் திருவிழா சூடுபிடிப்பதற்குள் பதில் கைக்கு வந்துவிட்டால், செய்தி வறண்டு கிடக்கிற அந்த வாரத்தில் டெஸ்க்கே உங்களைக் கூப்பிட்டு இரண்டு நிமிடம் தரும்.